பாடும் முன்பே கேட்ட குரல்

அன்று மாலை எங்கள் ஒலிப்பதிவுக் கூடத்தில் இருந்தவர்கள் மூன்று பேர்: நான், என் மகள், மாப்பிள்ளை. நாலாவது ஆளைப் பற்றிப் பேசுகிறவர்கள் யாரும் அன்று அங்கே இல்லை. பொய் சொல்லிப் பெயர் வாங்கும் வழக்கம் எங்கள் குடும்பத்தில் கிடையாது. நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

மகள் கண்ணாடி அறைக்குள் மைக் முன்னால் நின்றாள். மாப்பிள்ளை கணினியில் புதிதாக ஒரு ப்ளகின் போட்டிருந்தார். குரலை அந்தக் கால டேப்பில் பதிந்தது போலவே மாற்றித் தரும் மென்பொருள்.

"அந்த இரைச்சலை ஒழிக்கவே என் பாதி ஆயுசு போச்சு. நீங்க அதைக் கூப்பிட்டு உக்கார வைக்கிறீங்களே, மாப்பிள்ளை!"

"டேப்போட குறைகூட அப்படியே இருக்கு, மாமா. கேளுங்க."

"அப்பா, கண்ணாடி வழியா முறைக்காதீங்க. சுருதி ஓடிடும்" என்றாள் மகள். சிரித்தோம். பாடினாள்.

டேப்பைச் சுருட்டி வைத்தால், ஒரு சுற்றில் இருக்கும் குரல் பக்கத்துச் சுற்றில் லேசாக ஒட்டிக்கொள்ளும். பிறகு போட்டுக் கேட்கும்போது, வரி வருமுன்பே அதன் நிழல் மெல்லக் கேட்கும். இப்போதும் கேட்டது. ரசித்துத் தலையாட்டினேன்.

பிறகுதான் உறைத்தது. அவள் இப்போதுதானே பாடுகிறாள்? பாடாத வரிக்கு நிழல் ஏது?

மாப்பிள்ளை ப்ளகினை அணைத்தார். நிழல் குரல் அணையவில்லை.

முதலில் ஒரு நொடி முந்தியது. பிறகு ஒரு வரி...

ஸ்பீக்கரில் மெல்லிய இருமல். சற்றுப் பொறுத்து, கண்ணாடிக்குள் மகள் வாயைப் பொத்திக்கொண்டு இருமினாள்.

"மாமா..."

"கேட்டுச்சு."

இப்போது ஒரு சரணமே முந்தியது. நடுவில் நின்றது.

"அப்பா!"

அலறல். ஏதோ நொறுங்கும் சத்தம். பிறகு... ஒன்றுமில்லை.

உள்ளே அவள் அந்தச் சரணத்துக்கு மூச்சு இழுத்துக்கொண்டிருந்தாள்.

ஓடினேன். கையைப் பிடித்து வெளியே இழுத்தேன். மூவரும் நடைவழியில் நின்றோம்.

உள்ளே, மேலே தொங்கிய விளக்கு அவள் நின்ற இடத்தில் விழுந்து நொறுங்கியது.

பதிவை நிறுத்த யாருக்கும் தோன்றவில்லை. மறுநாள் போட்டுக் கேட்டோம். கதவுச் சத்தம். எங்கள் காலடி. பிறகு, ஆளில்லாத அறையில், மைக்குக்கு மிக அருகில், முழுக் குரலில்... "அப்பா!" அதன்பின் விளக்கு விழும் சத்தம்.

அங்கே செத்துப்போன யாரோ ஒரு பாடகியின் குரல் அது என்று வெளியில் பேச்சு. தவறு. எங்கள் கூடத்தில் யாரும் செத்ததில்லை. அது என் மகளின் குரல். அப்போது அவள் என் கையைப் பிடித்தபடி, வாயே திறக்காமல், நடைவழியில் நின்றிருந்தாள்.