ஈசானியம் கண்ட கண்ணையன்

திண்டிவனத்தில் மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, மூட்டைக்குத் தரகு பார்த்துக்கொண்டிருந்த கண்ணையன், நாலு வருடத்துக்கு முன்பு ஒரு பித்தளைத் திசைகாட்டி வாங்கினார். மறுநாளே வாஸ்து நிபுணராகிவிட்டார். மல்லாட்டையை உடைத்தால் உள்ளே பருப்பாவது இருக்கும். இவரிடம் அதுவும் கிடையாது.

திசைகாட்டியில் பெரிய மாயம் ஒன்றுமில்லை. காந்தம் ஏற்றிய மெல்லிய எஃகு ஊசி, ஒரு முள்ளின் நுனியில் தடையில்லாமல் சுழலும்படி உட்கார்ந்திருக்கும். பூமியே பெரிய காந்தம் என்பதால் ஊசி வடக்கு தெற்காக நிற்கும். பெட்டியைப் பித்தளையில் செய்வது அழகுக்காக இல்லை. பித்தளை ஊசியை இழுக்காது. பக்கத்தில் வேறு காந்தம் வந்தால் ஊசி பூமியை விட்டுவிட்டு அதன் பின்னால் போய்விடும். பள்ளிக்கூடப் பாடம்தான். கண்ணையனோ திசைகாட்டியின் கண்ணாடிமேல் குங்குமம் வைத்து, சாமியை வெறுந்தரையில் வைக்கக் கூடாதென்று, தன் செல்போன்மேல் வைத்துத்தான் திசை பார்ப்பார். அந்தப் போனுக்கு இருந்ததோ காந்தத்தால் ஒட்டி மூடிக்கொள்ளும் உறை.

ஓமந்தூர் சாலையில் ராஜ்குமார் கட்டிய புதுவீட்டிலும் அப்படித்தான் பார்த்தார். ஜன்னல் வடக்கு, சமையலறை வடகிழக்கில், ஈசானிய மூலையில் இருக்கிறது, குடும்பம் விளங்காது, இடித்துவிடு என்றார். ராஜ்குமார் தலையாட்டினான். அவன் மனைவி தையல்நாயகி ஆட்டவில்லை. ஏழு வருடம் ஓலைக்கொட்டகையில் புகை தின்றவள் அவள். இந்தச் சமையலறைக்குச் செங்கல் சுமந்ததும் அவள்தான்.

“காலையில வெயிலு இந்த ஜன்னல்லதான் வருது. நீங்க இத வடக்குன்றீங்க. சூரியன் வடக்குலயா உதிக்குது?” என்று கேட்டாள்.

“உத்தராயணம்மா. அப்படித்தான்,” என்றார் நிபுணர், கூசாமல்.

அப்போது போன் அடித்தது. திசைகாட்டியை அவள் உள்ளங்கையில் கொடுத்துவிட்டுப் பேசப் போனார். ஊசி கால்வட்டம் திரும்பி நின்றது. ஜன்னல் கிழக்கு, சமையலறை தென்கிழக்கு. வாஸ்துக்காரர்களே அடுப்புக்கு ஒதுக்கும் அக்னி மூலை அது. அவள் போன் பக்கம் நெருங்கினாள், ஊசி திரும்பியது. விலகினாள், பழையபடி நின்றது. புருஷனும் பார்த்துக்கொண்டுதான் இருந்தான். கண்ணையன் அசரவில்லை. பொம்பளை கை பட்டதால் திசை கெட்டுவிட்டதாம்.

மறுநாள் காலை ராஜ்குமார் சம்மட்டியோடு வந்து நின்றான். மூளையை எங்கே அடகு வைத்தானோ. பெரியவர் வாயில் அப்படி ஒரு சொல் வந்த பிறகு சும்மா இருக்க முடியுமா என்றான். தையல்நாயகி கேப்பைக்கூழ் கிண்டிக்கொண்டிருந்தாள். நகரவில்லை.

“இடிச்சுக்கோ. ஆனா பசிச்சா எங்கிட்ட வராத. அந்த ஊசிக்காரங்கிட்டயே போயி துன்னு.”

அவன் கொஞ்ச நேரம் கூழையே பார்த்தான். பிறகு சம்மட்டியைக் கீழே வைத்தான். காந்தம் புரிந்து வைத்தான் என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். பசி.