தமிழில் போட்ட கையெழுத்து

ஆந்திராவில் இருக்கும் எங்கள் ஊர்ப் பள்ளியில் தமிழ் வாத்தியார் ரிட்டயர் ஆனபோது, ஒன்றாம் வகுப்பில் இருந்த என் மகள் 'அம்மா, ஆடு' வரைக்கும்தான் வந்திருந்தாள். அடுத்த வாத்தியார் வரவில்லை. தெலுங்குப் பிரிவுக்கு டீச்சர் இருந்தார்; தமிழ்ப் பிரிவுக்குப் பூட்டு இருந்தது. நான் படித்ததும் அந்த அறையில்தான் என்பதால் எனக்கு ரோஷம் வந்துவிட்டது.

புத்தூருக்கும் வடமாலபேட்டைக்கும் ஆட்டோ ஓட்டுகிறவன் நான். திங்கட்கிழமை சவாரியை விட்டுவிட்டுக் கலெக்டர் ஆபீசில் மனு கொடுக்கப் போவேன். முதலில் சித்தூருக்குப் போனேன். அதற்குப் பதில் வருமுன் மாவட்டத்தையே பிரித்துவிட்டார்கள். இனி எங்களுக்குத் திருப்பதி. மறுபடி முதலிலிருந்து கொடுத்தேன். மனு எழுதித் தர வாசலிலேயே ஆள் உட்கார்ந்திருப்பார். எனக்குத் தெலுங்கு தண்ணீர் பட்ட பாடு, ஆனால் பேசுவதற்கு மட்டும். எழுத்தைப் பார்த்தால் ஜிலேபி ஜிலேபியாகத்தான் தெரியும்.

ஒருநாள் கல்வி ஆபீசிலிருந்து ஒருவர் பைக்கில் வந்தார். பூட்டிய அறையை ஜன்னல் வழியாகப் பார்த்தார், போட்டோ எடுத்தார். எனக்கு வாயெல்லாம் பல். என் மனைவி ஓடிப்போய் மோர் கொண்டுவந்தாள். கிளம்பும்போது தெலுங்கில் எழுதிய ஒரு தாளை நீட்டி, "மேம் வச்சாமா லேதா? இக்கட சந்தகம் பெட்டு" என்றார். நாங்க வந்தோமா இல்லையா, கையெழுத்துப் போடு என்கிறார். வந்து மோர் குடித்த மனிதரை வரவில்லை என்று எப்படிச் சொல்வது? என் பெயரைத் தமிழில் முத்து முத்தாக எழுதிக் கொடுத்தேன். தாளில் என்ன இருக்கிறது என்று நான் கேட்கவில்லை. கேட்டால் எனக்குப் படிக்கத் தெரியாது என்பது வெளியே வந்துவிடும். அவ்வளவு நேரம் தெலுங்கில் வெளுத்து வாங்கிவிட்டு அந்தக் கௌரவத்தை விட மனசு வரவில்லை.

வாத்தியார் வருவார் என்று ஒரு வருஷம் காத்திருந்தேன். அதுவரைக்கும் என்று சொல்லி மகளைத் தெலுங்குப் பிரிவில் உட்கார வைத்தோம். கோர்ட்டுக்குப் போ என்று ஆட்டோ ஸ்டாண்டில் சொன்னார்கள். கோர்ட்டெல்லாம் நமக்கா என்று நான் இழுத்ததில் இன்னொரு வருஷம் போனது.

கடைசியில் திருப்பதியில் ஒரு வக்கீலம்மாவைப் பிடித்தேன். ஆபீசர் தன் கடமையைச் செய்யாவிட்டால் 'செய்' என்று ஹைகோர்ட் உத்தரவிடலாம், அதற்கு ரிட் என்று பெயர் என்றார். மனு கொடுத்ததற்கு ரசீது இருந்தால் போதும் என்றார். பத்திரமாக வைத்திருந்த ரசீதுகளைக் கொடுத்தேன். அமராவதியில் கேஸ் போட்டோம். எதிர்த்தரப்பு பதிலுக்கு ஒரு தாளைத் தாக்கல் செய்தது. மோர் குடித்தவர் வாங்கிப்போன அதே தாள்.

வக்கீலம்மா படித்துவிட்டு என்னை நிமிர்ந்து பார்த்தார்.

"என் குறை தீந்துபோச்சு, எனக்குத் திருப்தின்னு இதுல எழுதிக்கீது. நீங்களும் சைன் போட்டுக்கீறீங்களே!"

"படிக்கத் தெரியாதும்மா."

"அன்னைக்கே அத்த வாயத் தொறந்து சொல்லியிருக்கலாம் இல்ல?"

அந்த ஒரு தாளால் கேஸ் இழுத்துக்கொண்டே போனது. ஆனாலும் தீர்ப்பு எங்கள் பக்கம்தான் வந்தது. தமிழ் வாத்தியார் வந்து பூட்டைத் திறந்தார். மகள் அதற்குள் ஐந்தாம் வகுப்புக்குப் போயிருந்தாள், தெலுங்கில் அவள்தான் முதல் மார்க்கு.

"நான் அங்க போமாட்டேன் நைனா. எனக்கு ஒண்ணும் தெரியாது" என்றாள். அவளைத் திட்ட எனக்கு ஏது வாய்? நான் ஒரு கேள்வி கேட்டிருந்தால் இவள் தமிழ் படித்திருப்பாள். அந்த வருத்தம் இன்றைக்கும் போகவில்லை.

கேஸ் கட்டு வீட்டுக்கு வந்த அன்று அவளே அதைப் பிரித்தாள். அந்தத் தாளை எடுத்து, திக்காமல் திணறாமல் தெலுங்கில் முழுசாகப் படித்தாள். கேட்கப் பெருமையாகக்கூட இருந்தது. படித்து முடித்து, கடைசி வரிக்குக் கீழே விரலை வைத்தாள்.

"இது இன்னா எழுதிக்கீது நைனா?"

"அது என் பேரும்மா" என்றேன்.