வீட்டை விட்டு இறங்கிய மத்தியானம்

"...அதுக்குன்னு இப்படிங்களா கட்டிக்குவாங்க? இதுல எது மாடு, எது முளைக்குச்சின்னே தெரியலையேண்ணா" என்று வாசலில் நின்று கேட்டார், வாழவந்தி முக்கில் மளிகைக் கடை வைத்திருந்த அம்மா.

தூக்கத்திலிருந்து அடித்துப் பிடித்து எழுந்தேன். என் மணிக்கட்டும் என் மனைவியின் மணிக்கட்டும் ஒரே துண்டில் கட்டப்பட்டிருந்தன. அவள் எனக்கு முன்பே விழித்து, எழ முடியாமல் கூரையைப் பார்த்துக் கிடந்தாள்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எண்பதுகளில், எங்களிடம் மிளகு வாங்க வந்தவர் கண்ட காட்சி இது. அவளுக்கு மறதி பிடித்து இரண்டு வருடம் ஆகியிருந்தது. "வயசாச்சு, பார்த்துக்குங்க" என்றார் சேலத்து டாக்டர். எப்படிப் பார்த்துக்கொள்வது என்று சொல்லவில்லை. இரண்டு தடவை பஸ்ஸுக்கு முன்னால் போய் நின்றுவிட்டாள். அப்புறம் நான் வீட்டை விட்டு நகரவில்லை. கண்ணயரவும் பயம். அதனால்தான் துண்டு.

ஊரெல்லாம் சொல்லிவிடுவார் என்று நினைத்தேன். அவரோ குனிந்து முடிச்சை அவிழ்த்தார். என் மனைவி எழுந்து என்னிடமே மரியாதையாக, "ஏனுங்க, எங்க ஊட்டுக்காரரு வந்துட்டாருங்களா?" என்று கேட்டுவிட்டு, முற்றத்தில் கிடந்த காப்பிப் பழத்தின் முன் உட்கார்ந்தாள்.

எங்கள் ஒரு ஏக்கர் காப்பியில் பச்சைக் காயையும் பழத்தையும் அவள் பிரிக்கிற வேகத்தை எஸ்டேட் ஆட்களே நின்று பார்த்ததுண்டு. இப்போது பிரித்து வைத்ததைக் கலந்துவிடுவாள். நான் பின்னாலேயே உட்கார்ந்து மறுபடி பிரிப்பேன், அவளுக்குப் பாடமும் நடத்துவேன். அன்றும் "அது பச்சை, அந்தப் பக்கம் போடு" என்றேன். அவள் வெடுக்கென்று கையை இழுத்துக்கொண்டாள்.

"அடிச்சீங்களாண்ணா?"

"ஒருக்காத்தானுங்க. புறங்கையில."

யாரிடமும் சொல்லாதது. வாயை விட்டு வெளியே வந்ததும் மூச்சு லேசானது.

"எங்க மாமியாளை நான் கிள்ளியிருக்கறேன்" என்றார், புளி விலை சொல்கிற குரலில். "நொம்ப நாளு தூக்கங் கெட்டா கை நம்ம சொன்னபடி கேக்காதுங்க. ஒரு கூடைப் பழம் விக்கிறதுக்கில்லைன்னு அக்காவுக்கு ஒதுக்கிருங்க. கலந்தாக் கலக்கட்டும். வெள்ளிக்கிழமை எங்கூட்டுக்காரரு தொழுகைக்குப் போயிருவாரு, கடைய நாந்தான் பாக்கோணும். செவ்வாயும் வியாழனும் மத்தியானம் நான் இங்க இருந்துக்கறேன். இன்னிக்குச் செவ்வா. கெளம்புங்க."

"நான் போனா தேடுவாளுங்களே."

"பக்கத்துல ஒக்காந்திருக்கறப்பவே உங்களைத்தானுங்களே தேடுறாங்க?"

சிரித்துவிட்டேன். எத்தனை மாதம் கழித்து என்று தெரியாது. என் மனைவியும் காரணம் தெரியாமலே கூடச் சிரித்தாள்.

அன்று ஏற்காடு பஸ்ஸில் ஏறி, நாலு வளைவு தாண்டுவதற்குள் தூங்கிப் போனேன். பஸ் ஸ்டாண்டில் கண்டக்டர் தட்டி எழுப்பினார். ஏரிப் பக்கம்கூடப் போகாமல் ஒரு டீ குடித்துவிட்டு, அதே பஸ்ஸில் தூங்கிக்கொண்டே திரும்பினேன். அந்த வாரம் முழுக்க அவளிடம் என் குரல் உயரவில்லை. அப்புறம் எத்தனையோ செவ்வாய், வியாழன்.

ஆனால் அன்று நான் கிளம்பிய லட்சணத்தைச் சொல்ல வேண்டும். வாசல் வரை போய்த் திரும்பி வந்து, நாலு மணிக்கு அவளுக்குக் காப்பி வேண்டும் என்றேன். "செரிங்க." மறுபடி வந்து, சூடாகக் கொடுக்கக் கூடாது என்றேன். "செரிங்க." மூன்றாம் தடவை, சொல்ல ஒன்றும் இல்லாமலே வந்து நின்றேன்.

கடைக்காரம்மா என் மனைவியைக் கூடையோடு உள்ளே அழைத்துப்போய் உட்கார வைத்தார். வாசலுக்கு வந்து என் கையில் குடையைத் திணித்தார். பிறகு வீட்டுக்காரனான என்னை வெளியே நிறுத்திக் கதவைச் சாத்தி, உள்ளே தாழ்ப்பாள் போட்டார்.