ஆயுத பூஜையில் வைத்த துவக்கு

1997ஆம் ஆண்டு. இலங்கையில், பெல்மதுளைப் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் நான் கிளாக்கராக இருந்தேன். சிங்களம் நன்றாக வரும், தோட்டத்தை நடத்தும் துரையிடமும் நல்ல பேர். அதனால் கொஞ்சம் தலைக்கனமும் உண்டு, ஒத்துக்கொள்கிறேன்.

தோட்டத்து எல்லையில் ஒருவர் குடும்பத்தோடு இருந்தார். முன்பு எங்கள் தோட்டத்தில் பால் வெட்டியவர். வேலையை விட்டபோது கிடைத்த சேமலாப நிதிக் காசில் ஒரு ஏக்கர் வாங்கி மரவள்ளி போட்டிருந்தார். காட்டுப்பன்றித் தொல்லைக்காக ஒரு துவக்கும், வேட்டைத் துப்பாக்கிதான், வைத்திருந்தார். அரசாங்க அலுவலகமான கச்சேரிக்கு நடையாய் நடந்து வாங்கிய லைசன்ஸ் அது. யுத்த காலத்தில் ஒரு தமிழன் கையில் லைசன்ஸ் துவக்கு இருப்பது சும்மா விஷயமா?

அந்த வருஷம் ரப்பர் ஸ்டோரில் ஆயுத பூஜைக்கு நான்தான் பொறுப்பு. பால் வெட்டும் கத்திகள், ரோலர் மெஷின், என் டைப்ரைட்டர் எல்லாவற்றுக்கும் சந்தனம் குங்குமம் வைத்தாயிற்று. துவக்கும் இருந்தால் எடுப்பாக இருக்குமே என்று எனக்கு ஓர் ஆசை. ஆள் அனுப்பிக் கேட்டேன். அவர் மறுக்காமல் கொண்டுவந்து வைத்தார்.

பூஜை முடிந்ததும் அதை எடுக்கப் போனார். நான்தான் தடுத்தேன்.

"சாமி முன்னால வச்சத விடிஞ்சு பூஜ முடிஞ்சுதானே எடுக்கணும்?"

"லைசன்ஸ் என் பேர்லங்க, கிளாக்கரையா. என் கைய விட்டுப் போகக் கூடாது."

"அட, சாவி என்கிட்டதானே இருக்கு! பேசாம போங்க."

அவர் அரை மனதோடு போனார்.

மறுநாள் காலை, பூஜைக்கு முன்பே, பொலிஸ் ரோந்து வந்தது. ஸ்டோரைத் திறக்கச் சொன்னார்கள். மாலை போட்ட துவக்கைப் பார்த்ததும் சார்ஜன் முகம் மாறிவிட்டது. "மேக்க காகெத?" யாருடையது என்று கேட்டார். நான் துவக்குக்காரர் பெயரை மட்டும் சொன்னேன்.

சேதி கேட்டு அவர் லைசன்ஸ் புத்தகத்தோடு ஓடி வந்தார். துவக்கை ஏன் இங்கே விட்டுப் போனாய் என்று சார்ஜன் அதட்டினார். அவர் என்னை ஒரே ஒரு தடவை பார்த்தார். பிறகு, தானாகவே கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனதாகச் சிங்களத்தில் சொன்னார். நான் வாயைத் திறக்கவில்லை. வேலை போய்விடும், என்னையும் பிடித்துக்கொண்டு போவார்கள் என்ற பயம். வாக்குமூலம் வாங்கி அவரைச் சாயங்காலம் விட்டுவிட்டார்கள். துவக்கு மட்டும் கோர்ட்டுக்குப் போய்விட்டது.

ஆறு மாதம் வழக்கு தவணைக்கு மேல் தவணையாக இழுபட்டது. ஆளில்லாத இடத்தில் துவக்கை விட்டவருக்கு அதைத் திருப்பிக் கொடுக்கக் கூடாது என்று பொலிஸ் ஒரே பிடியாக நின்றது. இங்கே பன்றிகள் மரவள்ளியைக் கிழங்கோடு தோண்டித் தின்று தீர்த்தன. நான் அந்தப் பக்கம் போவதையே விட்டுவிட்டேன்.

ஒரு நாள் அவருடைய மனைவி ஆபீஸ் வாசலில் வந்து நின்றார். அந்த அம்மா அப்போதும் எங்கள் தோட்டத்தில்தான் பால் வெட்டிக்கொண்டிருந்தார்.

"ஐயா, ஒங்களுக்குத்தான் சிங்களம் நல்லா வருமே. நாளைக்குத் தவணைங்க. கோர்ட்டுக்கு வந்து அவருக்காக ஒரு வார்த்த சொல்லுவீங்களா? எவன் பேச்சக் கேட்டு அங்க கொண்டுபோய் வச்சாரோ, கேட்டா வாயே தொறக்க மாட்டேங்குறாரு."

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. கட்டிய மனைவியிடம்கூட அந்த மனிதர் என் பெயரைச் சொல்லவில்லை! வருகிறேன் என்று சொல்லி அனுப்பினேன்.

மறுநாள் கோர்ட்டில் எழுந்து நின்றேன். கொண்டுவரச் சொன்னதும், எடுக்க விடாமல் தடுத்ததும், பூட்டிச் சாவியை வைத்திருந்ததும் நான்தான் என்று சொல்லிவிட்டேன். நீதவான் எல்லார் முன்னாலும் என்னை வாங்கு வாங்கென்று வாங்கினார். இத்தனை நாள் எங்கே போயிருந்தாய் என்று கேட்டார். கடைசியில், லைசன்ஸ் சரியாக இருக்கிறது, துவக்கை உரியவரிடமே கொடுங்கள் என்று உத்தரவு போட்டார்.

பொலிஸில் கையெழுத்துப் போட்டுத் துவக்கை வாங்கிச் சாக்கில் சுற்றிக்கொண்டு இருவரும் தோட்டத்து ரோட்டில் நடந்தோம். பாதி வழியில் கேட்டேன்.

"ஏங்க எம்பேரச் சொல்லல?"

"சொன்னா ஒங்க குடும்பமும்ல கஷ்டப்படும்? அதோட, நீங்களே வந்து சொல்லுவீங்கன்னு நெனச்சேன்."

"ஆறு மாசம் ஆகிருச்சேங்க!"

"அதான் வந்து சொல்லிட்டீங்களே" என்று சொல்லிவிட்டு, சாக்கை மறு தோளுக்கு மாற்றிக்கொண்டார். எனக்குக் கண் கலங்கிவிட்டது.

பயந்தபடி வேலையும் போகவில்லை, துரையின் திட்டோடு போயிற்று. இப்போதெல்லாம் தப்பு என்னுடையது என்றால் அன்றைக்கே சொல்லிவிடுகிறேன். நான் வாயைத் திறப்பேன் என்று நம்பி இன்னொரு மனிதர் ஆறு மாதம் காத்திருக்கக் கூடாது.