கரடியூரியம்

ஒரு ஆயுத பூஜையால் எனக்கு வேலை போகவிருந்தது. இன்று சொன்னால் எல்லோரும் சிரிக்கிறார்கள். அன்று எனக்குச் சிரிப்பு வரவில்லை.

ஏற்காட்டில் ஒரு பள்ளிக்கூடத்து வேதியியல் லேபில் தற்காலிக அட்டெண்டராகச் சேர்ந்து எனக்கு ஐந்து மாதம் ஆகியிருந்தது. ஆறாவது மாதம் வேதியியல் சார் ஒரு தாளில் கையெழுத்துப் போட்டால் வேலை நிரந்தரம். போடாவிட்டால் திரும்பவும் நாகலூருக்குப் போய் அப்பா அம்மாவோடு எஸ்டேட்டில் காப்பிப் பழம் பறிக்க வேண்டும். காப்பிக் காட்டு அட்டைகள் ஊரில் உள்ள அத்தனை காலையும் விட்டுவிட்டு என் காலைத்தான் தேடி வந்து கடிக்கும். நான் எஸ்.எஸ்.எல்.சி. பாஸ் பண்ணியதே அவற்றிடமிருந்து தப்பிக்கத்தான்.

பூஜை விடுமுறைக்குச் சேலம் கிளம்பும்போது சார், "லேபைச் சுத்தம் பண்ணி வையும்மா" என்று சொல்லிவிட்டுப் போனார். சுத்தம் என்றால் எங்கள் எஸ்டேட் லைன் வீடுகளில் செய்கிற சுத்தம்தான். மண்வெட்டி, அரிவாள், மருந்தடிக்கும் பம்பு எல்லாவற்றையும் தொட்டியில் ஊறப்போட்டு, நாரால் தேய்த்துக் கழுவி, மஞ்சளும் குங்குமமும் வைத்துக் கும்பிடுவோம். லேபுக்கு ஆயுதம் எது? பாட்டில்கள். அலமாரியில் இருந்த அத்தனை பாட்டில்களையும் மூடியை இறுக்கித் தொட்டியில் ஊறவைத்தேன். பிறகு தேய்த்துத் துடைத்து அடுக்கி, ஒவ்வொன்றின் நெற்றியிலும் மஞ்சளைக் குழைத்து வைத்தேன். பொரிகடலை படைத்துச் சூடம் காட்டினேன். கும்பிட்டுவிட்டுக் கண்ணைத் திறந்தபோதுதான் உறைத்தது, எந்தப் பாட்டிலிலும் பெயர் இல்லை. லேபிள்கள் எல்லாம் தொட்டித் தண்ணீரில் கூழாகக் கிடந்தன.

ஒரு பாட்டிலில் மட்டும் மண்ணெண்ணெய்க்குள் ஏதோ கட்டி கிடந்தது. அழுக்கு எண்ணெயைக் கொட்டிவிட்டுக் கட்டியையும் கழுவலாம் என்றுதான் எடுத்தேன். கையில் நாற்றம் ஏறுமே என்று விட்டுவிட்டேன். அது சோடியம், தண்ணீர் பட்டால் வெடிக்கும் என்று பின்னால் தெரிந்தது. என் உயிரைக் காப்பாற்றியது என் சோம்பேறித்தனம்.

சார் திரும்பி வர இரண்டு நாள் இருந்தது. எந்தப் பாட்டிலில் என்ன என்று எழுதிய ஸ்டாக் ரிஜிஸ்டர் அவருடைய பூட்டிய பீரோவுக்குள். நான் ஹாஸ்டல் சமையல்கார அக்காவிடம் போய் அழுதேன். அவர் சேலத்துக்காரர், எதற்கும் அசராதவர்.

"இதுக்குப் போய் அழுவறியா கண்ணு? நாக்குல வெச்சுப் பாத்தா தெரிஞ்சுட்டுப் போகுது."

"ஐயோ அக்கா! லேப்ல எதையும் நக்கக் கூடாதுனு சார் சொல்லியிருக்காருங்க."

"அப்பறம் எதுக்கு வாங்கி வெச்சிருக்கறாங்க?" என்று கேட்டார். ஒப்பிட்டுப் பார்க்கலாம் என்று சமையலறையிலிருந்து தன் பாட்டில்கள் ஐந்தாறை மடியில் கட்டிக்கொண்டு வந்தார். நாகலூரிலிருந்து அப்பாவையும் பஸ்ஸில் வரச் சொன்னேன்.

அப்பா உள்ளே வந்ததும் நீலப் பொடி இருந்த பாட்டிலைக் காட்டினார். "இது துத்தம் சாமி. காப்பிச் செடிக்கு அடிக்கறது. சுண்ணாம்பு சேக்காம அடிச்சா எலை கருகிப் போயிரும்." அதோடு அவருடைய விஞ்ஞானம் முடிந்தது. மீதியெல்லாம் அக்காவின் கைங்கரியம். படிகாரத்தைப் பார்த்ததும் சொன்னார். ஒரு பாட்டிலின் நெற்றியில் நான் வைத்த மஞ்சள் சிவந்திருந்தது. சாமி குறிப்புக் காட்டுகிறது என்று நான் கன்னத்தில் போட்டுக்கொண்டேன். அவர், "மஞ்சக்கறையில சோப்புப் போட்டா செவக்காதா? இது காஸ்டிக் சோடா" என்றார். இன்னொரு வெள்ளைப் பொடியில் சிட்டிகை எடுத்து, சூடேற்றிய பித்தளைக் குண்டாவில் போட்டார். குபுகுபுவென்று வெண்புகை கிளம்பியது. "நவச்சாரம். ஈயம் பூசறவங்க போடறது. பாத்திரம் கொண்டாந்தா பூசியே குடுக்கலாம்."

புது லேபிள் ஒட்டினேன். காப்பி மருந்து, ஈயம் பூசும் உப்பு, வெடியில் போடும் கந்தகத்துக்குத் தீபாவளி மஞ்சள், அயோடினுக்குப் புண்ணுக்குப் போடுவது. யாருக்கும் எந்த உபயோகமும் தெரியாத மூன்று வெள்ளைப் பொடிகள் மட்டும் மிஞ்சின. தனிமத்தைக் கண்டுபிடித்தவர்கள் தங்கள் நாட்டின் பெயரை வைப்பார்கள் என்று பாடப் புத்தகத்தில் படித்திருந்தேன். நாங்கள் மட்டும் என்ன குறைச்சல்? எங்கள் மலையூர்களின் பெயரில் நாகலூரியம், வெள்ளக்கடையம், கரடியூரியம் என்று எழுதி ஒட்டினேன். பெயரில்லாமல் நிற்பதைவிட அது கௌரவமாக இருந்தது.

சார் வந்தார். அலமாரியை இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை படித்தார்.

"ஏம்மா, இது லேபா, மளிகைக் கடையா?"

நான் நடந்ததைச் சொன்னேன். கையெழுத்துத் தாள் அவர் மேஜையிலேயே இருந்தது. அதைத் தள்ளி வைத்துவிட்டு, ரிஜிஸ்டரை எடுத்து ஒவ்வொன்றாகச் சோதித்தார். அக்கா சொன்னதில் ஒன்றுகூடத் தப்பவில்லை. அதில் அவருக்குக் கோபம் இன்னும் ஏறியது. பிறகு நாகலூரியத்தை நெருப்பில் காட்டினார். பச்சையாக எரிந்தது. பேரியமாம். எங்கள் ஊர் மானம் போனது. வெள்ளக்கடையம் செங்கல் நிறத்தில் எரிந்து கால்சியம் ஆனது. கரடியூரியம் எரியவே இல்லை. தண்ணீரில் கரையவில்லை. ஆசிட்டில் கரையவில்லை. காய்ச்சினாலும் அப்படியே கிடந்தது.

ரிஜிஸ்டரில் இருந்த அத்தனை பெயருக்கும் பாட்டில் கிடைத்துவிட்டது. ஒரு பாட்டில் அதிகம்.

மூன்று நாள் அவர் அதோடு மல்லுக்கட்டினார். சாப்பிடப் போகவில்லை, சட்டையில் ஆசிட் ஓட்டை விழுந்தது. எனக்கு அவரைப் பார்க்கவே பாவமாக இருந்தது. ஆனால் அவர் தோற்கத் தோற்க என் தாளும் மேஜையில் கிடந்தது. நான்காம் நாள் ஹெட்மாஸ்டர் ரிஜிஸ்டரைக் கேட்டு அனுப்பினார். ஒரு பாட்டில் குறைந்தால் உடைந்தது என்று எழுதலாம். கூடினால் என்னவென்று எழுதுவது? சார் பாட்டிலை இன்னொரு முறை குலுக்கிப் பார்த்தார். பிறகு மையைத் தொட்டு எழுதினார்: கரடியூரியம், ஒரு பாட்டில். ஹெட்மாஸ்டர் படித்தாரோ இல்லையோ, கையெழுத்துப் போட்டு முத்திரையும் குத்தி அனுப்பினார்.

அன்று மதியம் சமையல்கார அக்கா காப்பி கொண்டு வந்தார். சார் கையில் இருந்த பாட்டிலைப் பார்த்தார்.

"ஏனுங்க சார், என்ற கோலமாவ வெச்சுட்டு என்னங்க பண்றீங்க? நாலஞ்சு நாளா அதை நொம்பத் தேடறனுங்க."

"கோலமாவா?"

"ஆமாங்க. சேலத்துல வெள்ளை வெங்கச்சங்கல்லு இடிச்சு விக்கறாங்களே, அதுங்க. அன்னைக்கு இங்க கொண்டாந்தது, மறந்துட்டுப் போயிட்டனுங்க."

என் கதை முடிந்தது என்று சுவரைப் பிடித்துக்கொண்டேன். சார் பாட்டிலைப் பார்த்தார். ரிஜிஸ்டரின் முத்திரையைப் பார்த்தார். கடைசியில் என்னைப் பார்த்தார்.

"இல்லைங்கக்கா, இது பள்ளிக்கூடச் சொத்து. ரிஜிஸ்டர்ல ஏறிருச்சு. இனி யாரும் வெளிய எடுத்துட்டுப் போக முடியாது" என்றார். பிறகு என் தாளை இழுத்து முன்னால் வைத்தார். "இது என்னன்னு நம்ம மூணு பேருக்குத்தான் தெரியும். நாலாவது ஆளுக்குத் தெரியக் கூடாது. அப்படின்னா இதைப் பாத்துக்க நீதாம்மா இருக்கணும், நிரந்தரமா."

கையெழுத்துப் போட்டார். அங்கேயே, பாட்டில்களுக்கு முன்னால், வாய்விட்டு அழுதேன்.

அக்காவுக்கு ஒன்றும் புரியவில்லை. காப்பி டம்ளரை மேஜையில் வைத்துவிட்டு வந்து என் முதுகைத் தடவினார்.

"அழுவாத கண்ணு, கோலமாவுதானே. சேலத்துக்குப் போறப்ப வேற வாங்கிக்கறேன்."