நடிகைக்கு ஒரு பணிப்பதிவேடு

முப்பத்திரண்டு ஆண்டுகள் அரசு அலுவலகத்தில் ஊழியர்களின் நியமனம், மாறுதல், விடுப்பு என்று பணிப்பதிவேடு எழுதியவன் நான். ஓய்வுக்குப் பிறகு மறுபடியும் ஒன்றைத் திறப்பேன், அதுவும் ஒரு ஜெர்மன் நடிகைக்கு என்று நினைக்கவே இல்லை.

இப்போது அமெரிக்காவில், ஈஸ்ட் பிரன்ஸ்விக்கில் மகள் வீட்டில் இருக்கிறோம், நானும் மனைவியும். அருகிலுள்ள நூலகத்தில் சனிக்கிழமை மதியம் மௌனப் படம் போடுவார்கள். அமெரிக்க உச்சரிப்பு புரியவில்லை என்ற அவமானம் அதில் இல்லை.

அடுத்த வாரப் படத்தின் குறிப்புத் தாளில் கதாநாயகியைப் பற்றி இரண்டே வரி: இதுவே அவருடைய பதினோராவது, கடைசிப் படம்; அதன்பின் அவரைப் பற்றித் தகவல் இல்லை. எனக்குச் சுறுசுறுவென்று வேகம் ஏறியது. ராஜினாமா இல்லை, விடுப்பு விண்ணப்பம் இல்லை, ஓர் ஊழியர் எப்படிக் காணாமல் போவார்? சனிக்கிழமைக்குள் கண்டுபிடித்தாக வேண்டும்.

ஜெர்மன் திரைப்படக் காப்பகம் ஒன்றின் இணையப் பட்டியலை வரிவரியாகப் பார்த்தேன். இவர் காணாமல் போன மறு ஆண்டே, அதே நிறுவனத்தில், அதே இயக்குநரிடம், வேறு பெயரில் ஒருவர் நேரடியாகக் கதாநாயகியாகச் சேர்ந்திருக்கிறார். முன்அனுபவம் எதுவுமில்லை. ஒன்பது படங்கள்.

"ரெண்டும் ஒரே ஆள்தான்!" என்று கத்திவிட்டேன்.

"மெதுவா. பொண்ணு மீட்டிங்ல இருக்கா," என்றாள் மனைவி. "கல்யாணம் ஆகிப் பேரை மாத்தியிருப்பாங்க. நம்ம வீட்டிலயே ஆளுக்கு ஒரு லாஸ்ட் நேம். நாம ஒரே குடும்பம்னு நம்பவே அன்னிக்கு ஆஸ்பத்திரி ரிசப்ஷன்ல இருந்தவளுக்கு அரைமணி நேரம் ஆச்சே."

"நம்பிக்கை போதாது. ஆதாரம் வேணும்."

"எஸ்எஸ்எல்சி புக்ல அங்க அடையாளம்னு ரெண்டு எழுதுவாங்களே, அதைப் பாருங்க."

முப்பத்திரண்டு ஆண்டு அனுபவத்துக்கு அது தோன்றவில்லை. இரண்டு பெயரிலும் ஒரு படம் வீதம் இணையத்தில் எடுத்து, நிறுத்தி நிறுத்திப் பார்த்தோம். இடது காதுக்குக் கீழே மச்சம், இரண்டிலும்.

"மை வச்சு வரைஞ்சிருக்கலாம்," என்றாள் மனைவி, தணிக்கை அதிகாரி போல. "இன்னொண்ணு வேணும்."

அந்த இன்னொன்றையும் அவளே கண்டுபிடித்தாள். தேநீர்க் கோப்பையைப் பிடிக்கும்போது வலது கைச் சுண்டுவிரல் மடங்காமல் விறைத்து நிற்கிறது. அடுத்த படத்தில் துப்பாக்கி. அதே விரல், அதே விறைப்பு. இருவரும் ஒரே நேரத்தில் எழுந்து நின்றுவிட்டோம்.

பொருள், பார்வை, இணைப்பு நான்கு என்று முறைப்படி காப்பகத்துக்கு மின்னஞ்சல் அனுப்பினேன். கையோடு நினைவூட்டுக் கடிதத்தையும் தயாரித்து வைத்தேன். அது வீணாயிற்று, வெள்ளிக்கிழமை காலையிலேயே பதில் வந்துவிட்டது. அவர்களுக்கும் நெடுநாள் சந்தேகமாம். விரல் அதைத் தீர்த்துவிட்டதாம். இரண்டு பதிவுகளையும் ஒன்றாக்கிவிட்டார்கள். ஒரு கோப்பு இவ்வளவு வேகமாக நகர்ந்து நான் பார்த்ததில்லை.

சனிக்கிழமை அந்தப் பதிலை நூலகரிடம் காட்டினேன். அச்சடித்த குறிப்புத் தாள்களில் 'கடைசி' என்ற சொல்லையும் 'தகவல் இல்லை' என்ற வரியையும் அவர் பேனாவால் அடித்தார். நான் பக்கத்தில் நின்று, ஒவ்வொரு அடித்தலுக்கும் சுருக்கொப்பம் கேட்டேன். சிரித்துக்கொண்டே போட்டார்.

படத்தின் முடிவில் நாயகி ஒரு பெட்டியுடன் ரயிலேறிப் போகிறார். அரங்கில் மூக்கு உறிஞ்சும் சத்தம். என் கண்ணிலும் ஏதோ.

மனைவி என் முழங்கையை இடித்தாள். "எதுக்கு அழறீங்க? அவளுக்கு இன்னும் ஒன்பது படம் இருக்கு."