வராத வெள்ளத்துக்குப் பயந்து

இரண்டாவது பிள்ளைக்கு எனக்குக் கடைசி மாதம் தொடங்கியிருந்தது. வானொலியில் கனமழை எச்சரிக்கை சொன்னார்கள். எங்கள் வீடு வெல்லாவெளியையும் தாண்டி உள்ளே, வயல்களுக்கு நடுவில். பெருமழை பெய்தால் வீதிக்கு மேலால் வெள்ளம் பாயும். பிறகு ஆஸ்பத்திரிக்குப் போக உழவு இயந்திரமோ தோணியோதான்.

விவசாயியான என் கணவர் குளத்தைப் பார்த்துவிட்டு வந்தார். "குளம் அரைவாசிகூட நிரம்பல்ல புள்ள. ஒரு மழைக்கு றோட்டு மூடாது. நீ சும்மா பயப்பிடுறாய்."

அவர் கணக்குப் பிழைப்பது குறைவு. பிழைத்தால் என்ன செய்வது என்பதுதான் என் யோசனை.

என்னோடு ஆசிரியப் பயிற்சி பெற்ற தோழி காத்தான்குடியில், ஆஸ்பத்திரிக்குப் பக்கத்தில் இருந்தாள். அவளுக்குப் போன் எடுத்தேன்.

"இதக் கேக்கவும் வேணுமா கா? இண்டைக்கே வா" என்றாள். மூத்த மகளை மாமியிடம் விட்டுவிட்டு, ஒரு பையோடு போய்ச் சேர்ந்தேன்.

போன நாளிலிருந்து ஒரு துளி மழையில்லை. தோழி மாடியில் காயப்போட்ட உடுப்பெல்லாம் மத்தியானத்துக்குள் மொரமொரவென்று காய்ந்தன. கணவர் போனில் சிரித்தார்.

"இஞ்ச நல்ல வெயில். உங்கட வீட்டுக்கு மட்டும் எந்தப் பக்கத்தால வெள்ளம் வந்திச்சி எண்டு வட்டைக்குள்ள எல்லாரும் கேக்கிறாங்க."

வயல்வெளி முழுக்கச் சிரிக்கிறதே என்று வெட்கமாகப் போய்விட்டது. மறுநாளே திரும்புவதாகச் சொன்னேன்.

காலையில் பையை அடுக்கிக்கொண்டிருந்தபோது பன்னீர்க்குடம் உடைந்தது. தோழி ஓடிப்போய் ஆட்டோவை மறித்தாள். ஆஸ்பத்திரி கிட்டத்தில்தான். தொப்புள்கொடி பிள்ளைக்கு முன்னால் இறங்கிவிட்டது என்று சொல்லி, உடனே ஒப்பரேஷனுக்குக் கொண்டுபோனார்கள்.

கண் விழித்தபோது தோழி கட்டிலருகில் நின்றாள். "ஆம்பிளப் புள்ள கா. நல்லாக் கத்துறான்!"

பின்னேரம் கணவர் வியர்வையோடு வந்தார். தாமதித்திருந்தால் பிள்ளை தப்பியிருக்காது என்று தாதி அவரிடம் சொல்லியிருக்கிறாள். மகனையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"உனக்கு எப்பிடித் தெரியும்?"

"எனக்கு ஒண்டும் தெரியாது. வெள்ளத்துக்குத்தான் பயந்தன்."

"பரவால்ல. இனி எதுக்கெண்டாலும் பயந்துக்கோ. நான் சிரிக்க மாட்டன்."

நாங்கள் வீடு திரும்பிச் சில கிழமைகளில் மழை கொட்டியது. வீதியும் மூடியது. அரிசி, பருப்பு, மெழுகுதிரி, பிள்ளைக்கு மருந்து என்று எல்லாவற்றையும் அவரே வாங்கி அலுமாரிக்கு மேல் வைத்திருந்தார். மகன் தூங்க, மூத்தவளோடு நாங்கள் மூவரும் கட்டிலில் சப்பாணி கட்டி இருந்து, சூடான ரொட்டியைச் சம்பலோடு தின்றோம்.